மூடத் தெரியாமல் திறந்த வியாபாரம்

இந்தப் பக்கத்தில் வழமையாகக் காசோலை, வங்கிக் கடன், வரி, கொள்வனவு என்றுதான் பேசுவோம். இம்முறை ஒரு விளையாட்டுச் சாமானைப் பற்றி எழுதப் போகிறேன். "வயதுபோன காலத்தில் இவருக்கு என்ன விளையாட்டு?" என்று பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். இந்தச் சாமானால் நான் ஒரு நல்ல நாளின் வருமானத்தை இழந்தேன். அதைவிடப் பெரிதாக, நம்பி வந்த ஒரு சின்ன வாடிக்கையாளனையும் இழந்தேன். குற்றம் சாமானுடையது அல்ல. அதை எப்படி மூடுவது என்று தெரியாமலே வியாபாரத்தைத் திறந்த என்னுடையது.

அக்குறணையில் எனக்கு ஒரு புடைவைக் கடை இருக்கிறது. 2022 ஆம் ஆண்டு நெருக்கடியின்போது நம் எல்லோருடைய கடைகளுக்கும் நடந்ததுதான் எனக்கும் நடந்தது. மின்வெட்டு, எரிபொருள் வரிசை, டொலர் ஏற்றம் என்று ஒன்றன் மேல் ஒன்றாக வந்து, மேல்மாடியில் இருந்த சாமான்களைக் குறைத்துவிட்டேன். மேல்மாடி சும்மா கிடந்தது. சும்மா கிடக்கும் இடத்துக்கும் வாடகை ஓடிக்கொண்டுதானே இருக்கும்.

2023 ஒக்டோபரில் அமெரிக்காவில் இருக்கும் என் மச்சான் ஊருக்கு வந்தபோது, நான் சொல்லிவிட்டபடி இரண்டு குவெஸ்ட் 2 கருவிகளைக் கொண்டுவந்தார். அங்கே ஒன்றின் விலை 299 டொலர். அன்றைய கணக்கில் டொலர் ஏறக்குறைய 325 ரூபா. வரியும் மற்றச் செலவும் சேர, இரண்டுக்கும் இரண்டு இலட்சம் ரூபாவைத் தாண்டியது. மேல்மாடியைத் துப்புரவு செய்து, சுவருக்கு வெள்ளை அடித்து, கால் மணித்தியாலத்துக்கு 500 ரூபா என்று பலகை போட்டேன்.

அது என்ன கருவி?

அறியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. இது கண்களை முழுதாக மறைத்துத் தலையில் மாட்டிக்கொள்ளும் கருவி. இரண்டு கைகளிலும் இரண்டு கைப்பிடிகள். மாட்டிக்கொண்டால் வேறோர் உலகத்துக்குள் நிற்பதுபோல் இருக்கும். தலையைத் திருப்பினால் அந்த உலகமும் திரும்பும். முன்பு இப்படியான கருவிகளைப் பெரிய கணினியோடு வயரால் இணைக்க வேண்டியிருந்தது. 2019 மே மாதம் ஒக்கியுலஸ் குவெஸ்ட் வந்தபோது வயர் இல்லாமல் போனது. கணினி, திரை, பட்டரி, கமரா எல்லாமே தலையில் மாட்டும் பகுதிக்குள் அடங்கிவிட்டன. குவெஸ்ட் 2 ஆனது 2020 ஒக்டோபரிலும், குவெஸ்ட் 3 ஆனது 2023 ஒக்டோபரிலும், குவெஸ்ட் 3எஸ் 2024 ஒக்டோபரிலும் வெளிவந்தன. இடையில் 2021 இல் பேஸ்புக் நிறுவனம் தன் பெயரை மெட்டா என்று மாற்றிக்கொண்டதால், பழைய ஒக்கியுலஸ் பெயரும் மெதுவாக மறைந்தது.

வியாபாரிக்கு முக்கியமான விடயம் ஒன்று உண்டு. இதன் உள்ளே ஓடுவது நம் கையடக்கத் தொலைபேசிகளில் ஓடும் அண்ட்ராய்டை அடிப்படையாகக் கொண்ட அமைப்பு. அதாவது, இது முகத்தில் மாட்டிக்கொள்ளும் ஒரு பெரிய தொலைபேசி. தொலைபேசிக்கு வரும் வருத்தங்கள் இதற்கும் வரும். இதை நான் அன்று விளங்கியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே தேவை இருந்திருக்காது.

பெருநாளின் இரண்டாம் நாள்

ஆரம்ப மாதங்கள் நன்றாகவே போயின. பந்துகளை வெட்டும் விளையாட்டு ஒன்றில் ஊர்ப் பொடியன்கள் புள்ளிகளுக்குப் போட்டி போட்டார்கள். யார் எத்தனை புள்ளி என்று விளையாட்டே பதிவு வைத்துக்கொள்ளும். அதில் பதின்மூன்று வயதுப் பொடியன் ஒருவன் ஆறு வாரமாக முதலிடம். கிழமைக்கு ஒருமுறை தன் கைக்காசைச் சேர்த்துக்கொண்டு வருவான். விளையாடி முடித்ததும் பட்டியலில் தன் பெயரைப் பார்த்துவிட்டுத்தான் இறங்கிப் போவான்.

2024 நோன்புப் பெருநாளின் இரண்டாம் நாள். பிள்ளைகளின் கையில் பெருநாள் காசு. மேல்மாடிப் படிக்கட்டு வரை வரிசை. நான் மாத்தளையில் தாத்தா வீட்டில் இருந்தேன். கடையில் நின்றது வேலைக்கு வந்து இரண்டு மாதமே ஆன தம்பி. பகல் மூன்று மணியளவில் அழைப்பு வந்தது.

"நானா, ஒரு மெஷின் படம் அப்படியே ஒறஞ்சி நிக்கிது. கழட்டி மாட்டினாலும் அதேதான். பொடியனுக்குத் தலை சுத்துதாம்."

"நிப்பாட்டிட்டுப் போடு" என்றேன். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்த வைத்தியம். எதை, எப்படி நிப்பாட்டுவது என்று நான் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை.

அவர் பவர் பொத்தானை ஒருமுறை தட்டினார். திரை அணைந்தது. மீண்டும் தட்டினார். உறைந்த படம் அப்படியே வந்து நின்றது. இப்படி நாலைந்து தடவை. பிள்ளைகள் சத்தம் போட, பெற்றோர் நேரத்தைக் கேட்க, அவர் பதற்றத்தில் பவர் பொத்தானையும் சத்தத்தைக் குறைக்கும் பொத்தானையும் ஒன்றாக அழுத்திப் பிடித்துவிட்டார். கருவி அணைந்து எழும்பியபோது கறுப்புத் திரையில் சில ஆங்கில வரிகள் தெரிந்தன. அதில் ஒன்று 'ஃபெக்டரி ரீசெட்'. ரீசெட் என்றால் சரிசெய்வது என்று நினைத்து அதைத் தெரிவு செய்தார்.

கருவி அன்றுதான் பெட்டியிலிருந்து எடுத்ததுபோல் ஆகிவிட்டது. விளையாட்டுகள் இல்லை, கணக்கு இல்லை, புள்ளிப் பட்டியல் இல்லை. அதை மீண்டும் பதிய என் தொலைபேசியும் என் கணக்கும் வேண்டும். நானோ மாத்தளையில். இரவு வந்து, 4ஜீ இணைப்பில் விளையாட்டுகளை மீண்டும் இறக்கி முடிக்க விடியற்காலை ஆனது. அன்று எட்டுப் பிள்ளைகளின் காசைத் திருப்பிக் கொடுத்தோம். நின்று பார்த்தும் சரிவராது என்று போனவர்களின் எண்ணிக்கை தெரியாது.

அடுத்த கிழமை அந்தப் பதின்மூன்று வயதுப் பொடியன் வந்தான். பட்டியலைத் திறந்தான். வெறுமையாக இருந்தது. "என்ட பேர் எங்க நானா?" என்று கேட்டான். நடந்ததைச் சொன்னேன். ஒன்றும் பேசாமல் ஐந்நூறு ரூபாவைத் திரும்பச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு இறங்கிப் போனான். அதன் பிறகு அவன் வரவில்லை. ஒரு பெரிய வியாபாரி என் சரக்கைத் திருப்பி அனுப்பியிருந்தால்கூட அந்த அளவுக்கு எனக்கு வலித்திருக்காது.

விளக்கை அணைத்தால் கடை மூடியதா?

கொழும்பில் மென்பொருள் நிறுவனமொன்றில் வேலை செய்யும் என் மருமகன் புதுவருட விடுமுறைக்கு வந்திருந்தார். நடந்ததைக் கேட்டுவிட்டு ஒரு கேள்வி கேட்டார்.

"மாமா, ராவைக்குக் கடையில லைட்ட மட்டும் நிப்பாட்டிட்டு வந்தா, கடை மூடின மாதிரியா?"

"அதெப்படி? லாச்சி திறந்திருக்கும், கணக்கு முடிச்சிருக்காது, கதவும் திறந்திருக்கும்."

"நீங்க இந்த மெஷினுக்கு ஒவ்வொரு நாளும் அதத்தான் செய்றீங்க."

அப்போதுதான் எனக்கு விளங்கியது. தலையிலிருந்து கழற்றினால் கருவி அணைவதில்லை, தூங்குகிறது. உள்ளே இரு வில்லைகளுக்கு நடுவே ஒரு சிறிய உணரி இருக்கிறது. முகம் அருகில் இருக்கிறதா என்று பார்ப்பது அதன் வேலை. முகம் விலகியதும் திரையை அணைத்துவிடும். பவர் பொத்தானை ஒருமுறை தட்டுவதும் தூங்க வைப்பதுதான். விளையாட்டு நினைவகத்தில் விட்ட இடத்திலேயே நிற்கும். உறைந்த விளையாட்டு உறைந்தபடியே நிற்கும். எங்கள் தம்பி நாலைந்து தடவை தட்டியும் அதே படம் திரும்பி வந்தது இதனால்தான்.

இன்னொன்றும் உண்டு. குவெஸ்ட் 2 இன் நினைவகம் 6 ஜீபி, குவெஸ்ட் 3 இல் 8 ஜீபி. காலையில் திறந்த விளையாட்டை இரவு வரை மூடாமல் ஒருவர் மாறி ஒருவருக்குக் கொடுத்துக்கொண்டே இருந்தால் கருவி சூடாகும், சில விளையாட்டுகள் தடுமாறும். நாங்கள் அன்று காலை ஒன்பது மணியிலிருந்து அந்த விளையாட்டை ஒருமுறையேனும் மூடவில்லை.

ஐந்து படிகள்

மருமகன் ஒரு கடதாசியில் ஐந்து படிகளை எழுதித் தந்தார். மென்மையான வழியில் தொடங்கிக் கடுமையான வழிக்குப் போக வேண்டும். ஒரு படி சரிவராவிட்டால் மட்டுமே அடுத்த படி. கடன்காரரிடம் காசு கேட்பதுபோல்தான். முதலில் நேரில் பேசுவோம், பிறகு கடிதம், கடைசியில்தான் சட்டத்தரணி. எடுத்த எடுப்பில் வழக்குப் போடுபவன் காசையும் இழப்பான், ஆளையும் இழப்பான்.

முதலாவது படி, விளையாட்டின் சொந்த வாசல். இடக் கைப்பிடியில் மூன்று கோடுகள் போட்ட ஒரு பொத்தான் இருக்கும். பெரும்பாலான விளையாட்டுகளில் அதை அழுத்தினால் விளையாட்டின் மெனு வரும். அதன் வழியாக வெளியேறினால் விளையாட்டு தன் புள்ளிகளையும் பதிவுகளையும் எழுதிவைத்துவிட்டு மூடும். எல்லாம் நன்றாக இருக்கும்போது இதுவே வழி.

இரண்டாவது படி, மெட்டா பொத்தான். வலக் கைப்பிடியில் நிறுவனத்தின் அடையாளம் போட்ட பொத்தான் அது. அதை ஒருமுறை சுருக்கமாக அழுத்த வேண்டும். நீட்டிப் பிடித்தால் பார்வையை நேராக்கும் வேலையைத்தான் அது செய்யும். சுருக்கமாக அழுத்தினால் விளையாட்டு இடைநிற்கும், பொதுவான மெனு வரும். அங்கே தொடரவும் வழி இருக்கும், 'குவிட்' என்று மூடவும் வழி இருக்கும். மென்பொருள் புதுப்பிக்கப்படும்போது இவை இருக்கும் இடம் மாறலாம், ஆனால் சொல் மாறியதை நான் காணவில்லை. இங்கே கவனிக்க வேண்டியது, சில விளையாட்டுகள் குறிப்பிட்ட கட்டங்களில் மட்டுமே பதிவு செய்யும். இடையில் மூடினால் கடைசிக் கட்டத்துக்குப் பிறகு விளையாடியது போய்விடும்.

மூன்றாவது படி, விளையாட்டை வலுக்கட்டாயமாக நிறுத்துவது. விளையாட்டிடம் கேட்காமலே அமைப்பு அதை வெட்டிவிடும். கருவியைக் கேபிளால் கணினியோடு இணைத்து, அண்ட்ராய்ட் கருவிகளுக்கான ஏ.டி.பி. என்ற மென்பொருளால் கட்டளை கொடுத்துச் செய்யலாம். இதற்கு டெவலப்பர் மோட் முன்கூட்டியே திறக்கப்பட்டிருக்க வேண்டும். தொழில் தெரிந்தவர் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் இந்தப் படியைத் தாண்டிப் போகலாம்.

நான்காவது படி, கருவியை முறையாக மீள ஆரம்பிப்பது. பவர் பொத்தானைத் தட்டாமல் சில விநாடிகள் அழுத்திப் பிடித்தால் திரையில் கேள்வி வரும். அதில் 'ரீஸ்டார்ட்' என்பதைத் தெரிவு செய்ய வேண்டும். நினைவகம் முழுதும் துடைக்கப்பட்டு எல்லாம் புதிதாகத் தொடங்கும். விளையாட்டுகளும் கணக்குகளும் அப்படியே இருக்கும். குவெஸ்ட் 2 இல் பவர் பொத்தான் வலப் பக்கத்திலும், குவெஸ்ட் 3 இல் இடப் பக்கத்திலும் இருக்கிறது.

ஐந்தாவது படி, திரையில் கேள்வியே வராத அளவுக்கு உறைந்திருந்தால் மட்டும். பவர் பொத்தானை விடாமல் பத்து விநாடிக்கு மேல், தேவையானால் அரை நிமிடம் வரை பிடித்திருந்தால் கருவி முற்றாக அணையும். சற்றுப் பொறுத்து மீண்டும் போட வேண்டும். இந்த நேரத்தில் சத்தப் பொத்தானில் விரல் படவே கூடாது. இரண்டையும் சேர்த்துப் பிடித்தால் எங்கள் தம்பி போய் விழுந்த அந்தக் கறுப்புத் திரைக்குத்தான் கொண்டுபோகும்.

ஃபெக்டரி ரீசெட் ஆறாவது படி அல்ல, படிக்கட்டு முடிந்த இடத்தில் இருக்கும் கிணறு. சில விளையாட்டுகளின் பதிவுகளுக்கு இணையத்தில் பிரதி இருக்கும், பலவற்றுக்கு இராது. கருவியை விற்கும்போதும், வேறு எந்த வழியும் இல்லாதபோதும் மட்டுமே அதைத் தொட வேண்டும். அதுவும் முதலாளி கையால்.

எந்தப் படிக்கும் முன்னால் ஒன்று இருக்கிறது. படம் உறைந்தால் முதலில் பிள்ளையின் தலையிலிருந்து கருவியைக் கழற்ற வேண்டும். தலை திரும்பும்போது படம் திரும்பாமல் கூடவே ஒட்டிக்கொண்டு வந்தால் கண் ஒன்று சொல்லும், உடம்பு வேறொன்று சொல்லும். தலைச்சுற்றும் குமட்டலும் வருவது அதனால்தான். சாமானை அப்புறம் பார்க்கலாம்.

எல்லா உறைவும் உறைவல்ல

அன்றிலிருந்து ஒரு சீ.ஆர். கொப்பி போட்டு ஒவ்வொரு தடங்கலையும் எழுதி வைக்கிறோம். எழுதத் தொடங்கிய பிறகு ஒரு உண்மை தெரிந்தது. 'உறைந்துவிட்டது' என்று எங்களிடம் வரும் முறைப்பாடுகளில் பல, விளையாட்டுடையவை அல்ல.

குவெஸ்ட் 2 இன் ஒவ்வொரு கைப்பிடியிலும் ஒரு ஏஏ பட்டரி இருக்கிறது. அது இறங்கிவிட்டால் எந்தப் பொத்தானும் வேலை செய்யாது. படம் மட்டும் தலையோடு அசையும். நூறு, இருநூறு ரூபாப் பட்டரியை மாற்ற வேண்டிய இடத்தில் ஒரு இலட்சம் ரூபாக் கருவியை நோண்டிக்கொண்டிருப்போம்.

வெளிச்சமும் ஒரு காரணம். இந்தக் கருவி தன் கமராக்களால் அறையைப் பார்த்துத்தான் தான் நிற்கும் இடத்தை அறிகிறது. மின்சாரம் போய் அறை இருண்டால் அதற்கு இடம் தெரியாது, விளையாட்டு நின்றுவிடும். அவசர விளக்கு ஒன்றைப் பொருத்தியதோடு அந்த முறைப்பாடு தீர்ந்தது. ஆனால் வெளிச்சம் வேண்டும் என்று ஜன்னல் வெயிலில் வைக்கவும் கூடாது. வில்லைகள் பூதக்கண்ணாடிபோல் வெயிலைக் குவித்து உள்ளே இருக்கும் திரையைப் பொசுக்கிவிடும்.

திறந்து கிடக்கும் லாச்சி

மூடாத விளையாட்டால் வரும் நட்டம் உறைவது மட்டுமல்ல. ஒருநாள் பல பேர் இணையத்தில் சேர்ந்து விளையாடும் விளையாட்டொன்றை மூடாமல், கருவியை மேசையில் ஒரு துணியின் மேல் கவிழ்த்து வைத்திருந்தோம். துணி உணரியை மறைத்ததால் முகம் இருப்பதாக நினைத்துக் கருவி விழித்தே இருந்தது. ஒலிவாங்கியும் திறந்திருந்தது. பக்கத்தில் நின்று நான் ஒரு மொத்த வியாபாரியோடு சாரத்தின் கொள்விலை பேசிக்கொண்டிருந்தேன். திடீரென்று கருவிக்குள்ளிருந்து யாரோ ஆங்கிலத்தில் சிரித்த பிறகுதான், எங்கோ இருக்கும் அந்நியர்கள் எங்கள் பேச்சைக் கேட்டுக்கொண்டிருந்தது தெரிந்தது. அவர்களுக்குத் தமிழ் தெரியாமல் இருந்திருக்க வேண்டும் என்பதே என் ஆறுதல்.

கணக்கோடு வங்கி அட்டை இணைத்திருப்பவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். ஒருவர் திறந்து வைத்த கடைப் பக்கத்தில் அடுத்து மாட்டுபவர் வாங்கும் பொத்தானை அழுத்திவிடலாம். கொள்வனவுக்கு இரகசிய இலக்கம் போடும் வசதி இருக்கிறது. அதை முதல் நாளே போட்டுவிட வேண்டும். வயதையும் கவனிக்க வேண்டும். 2023 இல் மெட்டா நிறுவனம் பெற்றோரின் பொறுப்பிலான கணக்குகளுக்கு வயதெல்லையைப் பத்து என்று வைத்தது. பத்துக்குக் குறைந்தவர்களை நாங்கள் மாட்ட விடுவதில்லை, பெற்றோர் வற்புறுத்தினாலும் சரி.

மருமகன் சொன்ன மற்றொரு விடயம் என்னைக் கொஞ்ச நேரம் பேசாமல் இருக்க வைத்தது. கடையில் நாம் விலை கொடுத்து வாங்கும் விளையாட்டு பொதுவாகச் சொந்தப் பாவனைக்கு மட்டுமே. அதைக் காசுக்கு விட வேண்டுமானால் தயாரித்தவரின் அனுமதி தனியாக வேண்டும். நம் கடைச் சாமானை ஒருவன் கேட்காமல் எடுத்து வாடகைக்கு விட்டால் நாம் விடுவோமா? மின்னஞ்சலில் எழுதிக் கேட்டோம். சிலர் பதிலே தரவில்லை, இரண்டு சிறிய தயாரிப்பாளர்கள் எழுத்தில் அனுமதி தந்தார்கள். அவர்களுடைய இரண்டு விளையாட்டுகள் மட்டும்தான் இப்போது மேல்மாடியில் ஓடுகின்றன. வருமானம் குறைந்தது உண்மை. தூக்கம் நன்றாக வருகிறது.

இப்போது நடப்பது

ஒவ்வொரு பிள்ளையும் விளையாடி முடித்ததும் தம்பி விளையாட்டை முறையாக மூடி, புதிதாகத் திறந்துதான் அடுத்தவருக்குக் கொடுக்கிறார். அதற்கு அரை நிமிடம் செலவாகிறது. பகல் ஒருமுறையும் இரவு கடை மூடும்போதும் கருவியை முழுதாக அணைக்கிறோம். கருவிக்குள் தெரிவதைத் தொலைபேசித் திரையில் காட்டும் வசதியைப் போட்டு வைத்திருப்பதால், பிள்ளை என்ன பார்க்கிறது, எங்கே சிக்கியிருக்கிறது என்று வெளியே நின்றே சொல்ல முடிகிறது. ஐந்து படிகளும் பெரிய எழுத்தில் சுவரில் ஒட்டப்பட்டிருக்கின்றன. 'சத்தப் பொத்தானைத் தொடாதே' என்பது மட்டும் சிவப்பு மையில்.

தம்பியை வேலையை விட்டு நிற்பாட்டவில்லை. சொல்லிக் கொடுக்காத வேலையில் பிழை விட்டவனைத் தண்டிக்க முதலாளிக்கு என்ன உரிமை இருக்கிறது? உங்கள் கடைகளில் புதிதாக வாங்கும் பில் மெஷின், அட்டை மெஷின், கணினி எதுவானாலும், அதை விற்பவர் போட்டுக் காட்டுவார். போட்டுக் காட்டினால் போதாது, மூடிக் காட்டவும் சொல்லுங்கள். இடையில் நின்றுவிட்டால் முதலில் என்ன, அடுத்து என்ன, எதைத் தொடவே கூடாது என்று எழுதி வாங்குங்கள். அதை வேலையாளின் கையில் கொடுத்து உங்கள் முன்னால் ஒருமுறை செய்யச் சொல்லுங்கள்.

புள்ளிகளை இப்போது கருவியை நம்பி விடுவதில்லை. விளையாட்டு முடிந்ததும் பெயரையும் புள்ளியையும் சீ.ஆர். கொப்பியில் பேனையால் எழுதுகிறோம். சென்ற வருடம் அந்தப் பொடியனின் வாப்பா சாரம் வாங்க வந்தபோது, அவன் எடுத்த புள்ளி ஞாபகமா என்று கேட்டேன். வீட்டுக்குத் தொலைபேசி எடுத்துக் கேட்டுச் சொன்னார். கொப்பியின் முதல் பக்கத்தில், மற்ற எல்லோருக்கும் மேலே, அந்த இலக்கத்தையும் அவன் பெயரையும் எழுதினேன்.

இரண்டு கிழமைக்குப் பிறகு அவன் வந்தான். கொப்பியைப் பார்த்தான். உயரமாக வளர்ந்திருந்தான். ஐந்நூறு ரூபாவை மேசையில் வைத்துவிட்டு, "நானா, இந்த முறை மூடுறதுக்கு முதல்ல எழுதிடுங்க" என்றான்.